தோன்றும் வரிசையில்

இதனால் சகலமானவர்களுக்கும் அறிவிப்பது என்னவென்றால்: கெய்ரோ மாநகரம், இமாதுத்தீன் தெருவில், தூறல் விழுந்தும் விழாமலும் இருந்த ஒரு வியாழக்கிழமை மாலையில், மனித குலம் அதுவரை கண்டிராத மாபெரும் நிகழ்ச்சி ஒன்று நடந்தேறியது. பாரசீகர்கள் இந்த நாட்டுக்கு வந்தார்கள், போனார்கள். கிரேக்கர்கள் வந்தார்கள். துருக்கியர்கள் வந்து நெடுங்காலம் உட்கார்ந்தார்கள். ஆங்கிலேயர்களை அனுப்பி வைப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது. இவை எதுவும் அந்த மாலை நடந்ததற்கு ஈடாகாது. அன்று, பெயிண்டர் ஒருவர் ஏணியில் ஏறி, நாடகக் கொட்டகையின் விளம்பரப் பலகையில், எல்லாப் பெயர்களுக்கும் மேலே, தௌஹீதா ஷலபி என்ற பெயரை எழுதினார்.

போக்குவரத்து ஸ்தம்பித்தது. அந்தத் தெருவில் அது எப்போதும் ஸ்தம்பித்துத்தான் கிடக்கும். இருந்தாலும் வரலாற்றை இப்படித்தான் எழுத வேண்டும்.

தௌஹீதாவின் முகத்தைத் தெரியாதவர் எகிப்தில் இல்லை. பெயரைத் தெரிந்தவர்களை ஒரே டாக்ஸியில் ஏற்றிவிடலாம். பெண்பிள்ளைகள் கதாநாயகிகளாக மேடையேறும் வயதில், தான்தா ஊரிலிருந்து ஒரு சுற்றுலா நாடகக் குழுவில் சேர்ந்தவர் அவர். மன்சூராவில் தங்கும் அறை சரியில்லை என்று சண்டை போட்டுக்கொண்டு, அம்மா வேடக்காரி மூட்டை கட்டிக் கிளம்பிவிட்டாள். அன்றைய நாடகத்தில் அம்மா இல்லாமல் கதாநாயகன் யார் மடியில் சாவது? கையில் அகப்பட்ட பெண்ணின் தலையில் வெள்ளை விக்கைக் கவிழ்த்தார்கள். அதைத் திரும்ப எடுக்க வேண்டும் என்று பிறகு யாருக்கும் ஞாபகம் வரவில்லை.

விக் மேடையிலிருந்து சினிமாவுக்குப் போனது. தௌஹீதாவும் கூடவே போனார். திரையில் அவர் பெற்ற பிள்ளைகளில் ஒரு மந்திரி, இரண்டு கொள்ளைக்காரர்கள், ஒரு பார்வையற்ற பாடகர், ஒரு போர் விமானி எல்லாரும் உண்டு. அவர்களில் ஒருவர்கூட அவரைவிட இளையவர் இல்லை. எல்லாரையும்விடப் புகழ் பெற்ற பிள்ளை ஹசன். ரயில் நிலைய நடைமேடையில் சுடப்பட்டு அம்மாவின் மடியில் சாகிற ஹசன். அந்தக் காட்சியில் தௌஹீதா அழுத அழுகைக்கு நாடே அழுதது. ஹசனாக நடித்தவர் நல்ல கனத்த சரீரம்; காலையிலிருந்து மாலைவரை மடியில் கிடந்தார். "அந்த அழுகையில பாதி கலை, பாதி கால் மரத்துப்போனது" என்று தௌஹீதாவே சொல்வார்.

இரண்டு கல்யாணம் செய்துகொண்டார், இரண்டும் முடிந்தன. சொந்தமாகப் பிள்ளை இல்லை. கேட்டால், "தொழிலை வீட்டுக்குக் கொண்டுவரக் கூடாது" என்று சொல்லிச் சிரிப்பார். அந்தச் சிரிப்பை முதலில் நிறுத்துவதும் அவர்தான்.

ஹசன் படம் வந்த பிறகு அவருக்கு வேறு பெயரே இல்லை. "ஹசன் அம்மா, வண்டியை இங்க நிறுத்தாதீங்க" என்பார் போலீஸ்காரர். "ஹசன் அம்மாவுக்குப் பிஞ்சா எடுத்துப் போடு" என்பான் வெண்டைக்காய்க்காரன். ஒரு பல் டாக்டர் அவர் வாயைத் திறக்கச் சொல்லிவிட்டு, உள்ளே பார்த்தபடி, "ஹசனைச் சுட்டவன் பிடிபட்டானா, இல்லையா? எனக்குக் கடைசி ரீல் ஞாபகம் இல்ல" என்று கேட்டார். வாய் திறந்திருந்ததால் அவரால் பதில் சொல்ல முடியவில்லை.

இதையெல்லாம் அவர் பொறுத்துக்கொண்டார். பொறுக்க முடியாமல் போனது ஒரு ரமலான் மாதத்தில். நோன்பு திறக்கும் நேரத்துக்கு முன்னால் அடுக்களையில் முலுகிய்யா கீரையைப் பொடிப்பொடியாக நறுக்கிக்கொண்டிருந்தார். வானொலியில் ரமலான் புதிர்ப் போட்டி. ஹசனின் தாயாக நடித்தவர் யார் என்று கேட்டார்கள். முதலில் ஓர் ஆசிரியர், பிறகு ஒரு வங்கி அதிகாரி, பிறகு ஒரு மருந்துக் கடைக்காரர். மூவரும் தயங்காமல், "ஹசன் அம்மா!" என்றார்கள். அது பாத்திரம், நடித்தவர் பெயர் என்ன என்று அறிவிப்பாளர் கேட்டார். காகிதம் புரளும் ஓசை கொஞ்ச நேரம் கேட்டது. விடையை நாளைக்குச் சொல்கிறோம் என்றார் அறிவிப்பாளர். மறுநாள் ஒட்டகத்தைப் பற்றிக் கேட்டார்கள்.

"உஸ்தாத்," என்றார் தௌஹீதா என்னிடம், "நான் செத்தா பத்திரிகையில என்ன போடுவாங்க? 'ஹசன் அம்மா காலமானார்'னு போடுவாங்க. ஹசனே செத்து இத்தனை வருஷமாச்சு, அவன் அம்மா செத்தது யாருக்கு வேணும்? நான் சாகறப்போ என் பேர்ல சாகணும். அதுக்கு முன்னாடி ஒரு தடவையாவது அந்தப் பேரு மேல நிக்கணும். எல்லாருக்கும் மேல."

'உஸ்தாத்' என்று மரியாதையாகக் கூப்பிட்டு என்னிடம் சொன்னதற்குக் காரணம், ஹாஜி பயூமியின் புதிய நாடகத்தை எழுதியவன் நான். எழுதியவன் என்றால், பாரிஸில் எவரோ எழுதியதை எடுத்து, எஜமானரின் தொப்பியை மாற்றி, ஆசைநாயகியைச் சட்டப்படி இரண்டாம் மனைவியாக்கி, மதுக் கோப்பையில் எலுமிச்சைச் சாறு ஊற்றியவன். எங்கள் ஊரில் இதற்கு எகிப்தாக்கம் என்று பெயர். பிரெஞ்சுக்காரர்களிடம் வேறு சொல் இருக்கலாம்.

ஹாஜி பயூமி குளியலறை ஓடு வியாபாரி. நாட்டில் பணம் புரளத் தொடங்கியதும், ஓடுகளில் கிடைக்காத கௌரவத்தைத் தேடிக் கலைக்கு வந்தவர். அவர் கண்ணுக்கு எதிரே இருந்தது இமாதுத்தீன் தெரு இல்லை, வளைகுடா. நாடகத்தை வீடியோ நாடாவில் பதிந்து விற்றால் அங்கே நல்ல விலை. அங்கிருந்த வியாபாரி தொலைபேசியில் இரண்டே கேள்வி கேட்டான்: "மஞ்ச முடிக்காரி இருக்காளா? ஹசன் அம்மா இருக்காங்களா? அப்ப சரி."

மஞ்சள் முடிக்காரி என்றால் ஷாஹினாஸ், அந்த வருடத்து நட்சத்திரம். அவள் பெயர்தான் முதலில் வர வேண்டும் என்று ஒப்பந்தம் ஏற்கெனவே கையெழுத்தாகியிருந்தது. தன் பெயர் முதலில் வராவிட்டால் கையெழுத்தே இல்லை என்றார் தௌஹீதா.

பேச்சுவார்த்தை ஹாஜியின் அலுவலகத்தில் நடந்தது. சுவரெங்கும் மாதிரி ஓடுகள். நீல ஓட்டுக்குக் கீழே ஷாஹினாஸ், பூப்போட்ட ஓட்டுக்குக் கீழே தௌஹீதா, நடுவில் நான்.

"முதல்ல நபி மேல சலவாத்து சொல்லுங்க," என்றார் ஹாஜி.

நபிக்கு வாழ்த்துச் சொன்னோம். சண்டைக்காரர்களின் வாய்க்குக் கொஞ்ச நேரம் வேறு வேலை கொடுக்க இதைவிட நல்ல வழி எங்கள் ஊரில் இல்லை.

"எனக்கென்ன ஹாஜி?" என்றாள் ஷாஹினாஸ், தேன் குரலில். "இவங்க எனக்கு அம்மா மாதிரி. அம்மா காலடியில என் பேரு கிடக்கட்டும். ஆனா ஒப்பந்தம்னு ஒண்ணு இருக்கே? நானா பேசறேன்? அதுதான் பேசுது."

"அம்மான்னு கூப்பிடாதே," என்றார் தௌஹீதா. "அம்மா வேஷத்துக்கு நான் கூலி வாங்கறவ. சும்மா கூப்பிட்டா எனக்கு நஷ்டம்."

"வயசுக்கு ஒரு மரியாதை..."

"உன் வயசுக்கா? உங்கம்மாவ எனக்குத் தெரியும் மகளே. நீ பொறந்த விருந்துல சர்பத் குடிச்சிருக்கேன். எந்த வருஷம்னு ஹாஜி கிட்ட சொல்லட்டுமா?"

ஷாஹினாஸ் நீல ஓட்டைப் பார்த்தாள். ஹாஜி மறுபடியும் சலவாத்து சொல்லச் சொன்னார். பிறகு, கடையில் இரண்டு வாடிக்கையாளர் ஒரே பெட்டிக்கு அடித்துக்கொண்டால் என்ன செய்வாரோ அதைச் செய்தார்: மூன்றாவது பெட்டியைத் திறந்தார்.

"பெரியவங்க சின்னவங்கன்னே வேண்டாம். பலகையில, 'மேடையில் தோன்றும் வரிசையில்'னு எழுதிடுவோம். யாரு முதல்ல வர்றாங்களோ அவங்க பேரு முதல்ல. யாருக்கும் அவமானம் இல்ல. உஸ்தாத், யாரு முதல்ல வர்றாங்க?"

"வாசல் காவலாளி," என்றேன். "திரை தூக்கினதும் ஃபரஜ் வந்து பெருக்குவாரு. அப்புறம் வேலைக்காரி. அப்புறம் மாமியாரா மேடம் வர்றாங்க. ஷாஹினாஸ் அதுக்கப்புறம்தான், மாடிப்படியில இறங்கி வருவாங்க."

"என் பேருக்கு மேல ஃபரஜா?" என்றார் தௌஹீதா. "அந்த ஆளு துடைப்பத்தைத் தலைகீழாப் பிடிக்கறவரு. உஸ்தாத், எழுத்தை மாத்து. திரை தூக்கறப்போ மேடையில நான் இருக்கணும். எனக்கு முன்னாடி ஒரு ஈகூட வரக் கூடாது."

நான் வாயைத் திறந்தேன். ஷாஹினாஸ் முந்திக்கொண்டாள். "அம்மா ஆசைப்படறாங்க, குடுத்துடுங்க ஹாஜி. நான் அவங்களுக்கு அப்புறமே வந்துக்கறேன். ஒப்பந்தத்தைக் கொண்டாங்க, இப்பவே மாத்திக் கையெழுத்துப் போடறேன்." போட்டாள். பேனா மூடியைத் தேடக்கூட நேரம் எடுத்துக்கொள்ளவில்லை.

நான் சொல்ல வாயெடுத்ததை இங்கே சொல்லிவிடுகிறேன். எங்கள் நாடகச் சீட்டில் ஒன்பதரை மணி என்று அச்சடித்திருக்கும். அதைப் படிக்கும் கெய்ரோக்காரர், ஒன்பதரைக்கு வீட்டில் காலுறையைத் தேடத் தொடங்க வேண்டும் என்று புரிந்துகொள்வார். திரை தூக்கும்போது அரங்கத்தில் பாதி காலி. மீதிப் பாதி நின்றுகொண்டிருக்கும். டார்ச் விளக்கடித்து நாற்காலி காட்டுபவர் முன்னால் ஓட, குடும்பங்கள் பின்னால் வரும். "அது என் நாற்காலி", "இல்லை, உங்களுடையது பின் வரிசை", தர்பூசணி விதை, குளிர்பானம், அழுகிற பிள்ளை. அதனால்தான் முதல் கால் மணி நேரத்தைக் காவலாளிக்கும் வேலைக்காரிக்கும் கொடுப்போம். அந்த நேரத்தில் சொல்லும் வசனத்தை நான்கூடக் கவனம் வைத்து எழுதுவதில்லை. எல்லாரும் உட்கார்ந்து, விதைப் பொட்டலம் பிரித்து, மூச்சு விட்ட பிறகுதான் நட்சத்திரம் வரும். வந்தவுடன் அரங்கம் கை தட்டும். நட்சத்திரம் அசையாமல் நின்று அதை வாங்கிக்கொள்ளும். அந்தக் கைத்தட்டு எவ்வளவு நீளம் என்பதுதான் மறுநாள் காப்பிக்கடைகளில் பேச்சு. எங்கள் தொழிலில் வேறு தராசு கிடையாது.

அதாவது பலகையில் முதலிடமும் மேடையில் முதல் வரவும் ஒன்றுக்கொன்று நேர் எதிர். இது அந்தத் தெருவில் டீ விற்பவருக்கும் தெரியும். வாழ்நாளெல்லாம் மேடையில் கழித்த தௌஹீதாவுக்குத் தெரியாதா? தெரியும். ஆனால் ஒரு மனுஷி அத்தனை வருடம் பலகையையே பார்த்துக்கொண்டிருந்தால், ஒரு கணம் அரங்கம் கண்ணிலிருந்து மறைந்துபோகும்.

முதல் நாள் வந்தது. வழக்கப்படி தரையில் மூன்று முறை தட்டித் திரையைத் தூக்கினார்கள். மேடையில் சோபா. சோபாவில் தௌஹீதா தன்னந்தனியாக உட்கார்ந்து, திராட்சை இலையில் சோறு வைத்துச் சுருட்டியபடி மருமகனைத் திட்டத் தொடங்கினார். பக்கத் தட்டியின் இடுக்கில் நின்று அரங்கத்தைப் பார்த்தேன். முதுகுகள்தான் தெரிந்தன.

"அப்பா, ஆரம்பிச்சிடுச்சா?" என்றது ஒரு பிள்ளை.

"இன்னும் இல்ல. அது ஹசன் அம்மா. சும்மா உட்கார்ந்திருக்காங்க."

முன் வரிசையில் ஒரு பெண்மணி அன்போடு மேடையை நோக்கிக் கை ஆட்டினாள். "நல்லா இருக்கீங்களா, ஹசன் அம்மா? ஒரு நிமிஷம் இருங்க, என் தங்கச்சி வந்துடட்டும்."

ஒரு கை தட்டவில்லை. அவர் மருமகனைத் திட்டி முடித்து உள்ளே வந்தபோது, அரங்கம் அப்போதுதான் வசதியாக உட்கார்ந்திருந்தது. மாடிப்படி மேல் ஷாஹினாஸ் தோன்றினாள். ஒன்றும் செய்யவில்லை, தோன்றினாள். கொட்டகை இடிந்து விழுவதுபோல் தட்டினார்கள்.

நாடகம் முடிந்து ஒப்பனை அறைக்குப் போனேன். உடை மாற்றிவிடும் ஸனிய்யா விக்கை ஊசி ஊசியாகக் கழற்றிக்கொண்டிருந்தாள்.

"அவளுக்கு எவ்வளவு நேரம் தட்டினாங்க?" என்று கேட்டார் தௌஹீதா, கண்ணாடியைப் பார்த்து.

"நான் இஸ்திரி போட்டுட்டிருந்தேம்மா. காதுல விழல."

"ஸனிய்யா."

"ரொம்ப நேரம். படிக்கட்டு ஆடிச்சு. அது நம்ம தச்சன் செஞ்ச படிக்கட்டு, தும்மினாலும் ஆடும்."

தௌஹீதா கண்ணாடியிலிருந்து திரும்பினார். பிறகு என்னைப் பார்த்தார். "என் பேரு தெருவுல நிக்குது. நான் உள்ள உட்கார்ந்திருக்கேன். ரெண்டு பேருக்கும் அறிமுகமே இல்ல, உஸ்தாத்."

"பழையபடி மாத்திடலாம் மேடம். மூணாவதா வாங்க, எல்லாரும் உட்கார்ந்த பிறகு. கை தட்டுவாங்க."

"மாத்தினா பலகை?"

"வரிசைப்படி அதையும்..."

"அப்ப வேண்டாம்," என்றார். விக் இல்லாத தலை கறுப்பாக, சின்னதாக இருந்தது. அந்தத் தலையோடு அவரை யாரும் படம் பிடித்ததில்லை என்று அப்போதுதான் எனக்குத் தோன்றியது.

இரண்டாம் நாளும் அப்படியே. மூன்றாம் நாள், அவர் இலை சுருட்டிக்கொண்டிருக்கும்போது, ஒரு பெரிய மனிதர் மனைவி மக்களோடு நடுவழியில் வந்து நின்றார். கையில் எண்ணெய் ஊறிய பொட்டலம். விளக்கடிப்பவரோடு நாற்காலி எண் பற்றி உரக்க வாதாடினார். தௌஹீதா வசனத்தை நிறுத்தினார். கையிலிருந்த இலையைத் தட்டில் வைத்தார்.

"வாங்க," என்றார்.

அந்த மனிதர் சுற்றுமுற்றும் பார்த்தார்.

"உங்களைத்தான். இது என் வீட்டு வரவேற்பறை. கதவைத் தட்டினீங்களா? ஒரு ஸலாம் சொன்னீங்களா? இதான் ஒரு வீட்டுக்கு வர்ற நேரமா?"

"மன்னிச்சிருங்க, பாலத்துல நெரிசல்..."

"இவங்கெல்லாம் நீந்தியா வந்தாங்க? கையில என்ன, கபாபா? எத்தனை பேருக்கு வாங்கினீங்க?"

அரங்கத்தில் முதல் சிரிப்பு கேட்டது. நின்றிருந்தவர்கள் அவசரமாக உட்கார்ந்தார்கள்; அடுத்தது தன் முறையோ என்ற பயம். வசனம் எடுத்துக் கொடுக்கும் ஜிர்ஜிஸ் தன் பெட்டிக்குள்ளிருந்து என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். நாடகப் பிரதியில் இது எந்தப் பக்கம் என்று அவருக்குத் தெரியவில்லை.

"மன்னிச்சிருங்க, ஹசன் அம்மா," என்றார் அந்த மனிதர்.

தௌஹீதா எழுந்து, கையைத் துடைத்துக்கொண்டு, மேடையின் விளிம்புக்கு வந்தார்.

"ஹசன் செத்தப்போ நீங்க எங்க இருந்தீங்க?"

"தியேட்டர்ல. அழுதேன், வல்லாஹி, ஆண்டவன் மேல ஆணையா."

"ஹசனுக்காகவா?"

"இல்ல, உங்களுக்காக. நீங்க அழுதது தாங்கல."

"என் பேரு என்ன?"

அவர் மனைவியைப் பார்த்தார். மனைவி கூரையைப் பார்த்தாள்.

"பேரே தெரியாத ஒரு பொம்பளைக்காக அழுதிருக்கீங்க. இது உங்க வீட்டுல தெரியுமா?"

"எனக்குத் தெரியாதும்மா!" என்று அந்த மனைவி கத்தினாள். அரங்கம் சுருண்டு விழுந்து சிரித்தது.

"வெளிய ஒரு பலகை இருக்கு. பெரிய எழுத்து. போய்ப் படிச்சிட்டு வாங்க. கபாபை இங்க வச்சிட்டுப் போங்க."

போனார். நம்புங்கள், அந்த மனிதர் நிஜமாகவே போனார். மேடையில் ஒன்றும் நடக்கவில்லை. அரங்கம் முழுவதும் கழுத்தைத் திருப்பி வாசலைப் பார்த்துக் காத்திருந்தது. தௌஹீதா ஒரு கபாப் எடுத்து நிதானமாகத் தின்றார். மூச்சிரைக்க ஓடி வந்த மனிதர் வாசலிலேயே நின்று கத்தினார்:

"தௌஹீதா ஷலபி!"

கைத்தட்டு எழுந்தது. அது ஷாஹினாஸுக்குக் கிடைத்ததுபோல் சடாரென்று விழவில்லை. பின்வரிசையில் எங்கோ தொடங்கி, பக்கம் பக்கமாகப் பற்றி, மேடைக்கு வந்து சேர்ந்தது. தௌஹீதா அசையாமல் நின்றார். நிற்பது எப்படி என்று அவருக்குத் தெரிந்திருந்தது. இத்தனை காலம் நட்சத்திரங்களின் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறார்.

"இப்ப உட்காருங்க," என்றார் பிறகு. "கபாபுல உப்பு கம்மி."

அடுத்த வாரமே செய்தி பரவிவிட்டது. தாமதமாக வருகிறவர்களைத் திட்டுவதைப் பார்ப்பதற்கென்றே மக்கள் சீக்கிரம் வந்தார்கள். கெய்ரோவில் ஒன்பதேகாலுக்கே ஒரு கொட்டகை நிரம்பியது என்றால் வெளியூர்க்காரர்கள் நம்புவதில்லை. நான் என் கண்ணால் பார்த்தேன். எல்லாரும் நேரத்துக்கு வந்துவிட்டதால் திட்டுவதற்கு ஆள் கிடைக்கவில்லை. தாமதமாக வருவதற்கென்று ஹாஜி தன் மச்சானை ஏற்பாடு செய்தார். அந்த மடையன் முதல் நாளே சீக்கிரம் வந்து முன்வரிசையில் உட்கார்ந்துகொண்டான். அவன் தேவையும் இருக்கவில்லை. மாணவர்கள் கூட்டமாக, திட்டு வாங்கவே, வேண்டுமென்றே பிந்தி வந்து, பலகையைப் படிக்க ஓடினார்கள். வெண்டைக்காய்க்காரன்கூட ஒருநாள், "வாங்க தௌஹீதா மேடம்" என்றானாம். அவர் ஒரு கிலோ கூடுதலாக வாங்கி, அதைத் தெருவெல்லாம் விநியோகித்தார்.

முதல் கால் மணி நேரம் அரை மணியாகி, முக்கால் மணியைத் தொட்டது. என் நாடகம் அதற்குப் பிறகுதான் தொடங்கும். மாடிப்படிக்குப் பின்னால் ஷாஹினாஸ் அலங்காரத்தோடு காத்து நின்றாள்.

"அம்மா, அந்த ஆளை வெளிய அனுப்பறது எழுத்துல இருக்கா?" என்றாள் ஒருநாள்.

"எழுத்துல எதுதான் இருக்கு?" என்றார் தௌஹீதா, என்னைக் கடந்து போகும்போது.

நாடகப் பருவம் முடியும் தறுவாயில் மூன்று கேமராக்கள் வந்தன. அன்று தௌஹீதா உச்சத்தில் இருந்தார். ஒரு நீதிபதியை வெளியே அனுப்பினார். நீதிபதி போய்ப் படித்துவிட்டு வந்து தீர்ப்பு வாசிப்பதுபோல் பெயரை வாசித்தார். எல்லாம் நாடாவில் பதிவாகிறது என்று எல்லாருக்கும் தெரியும். அரபு பேசுகிற நாடுகளிலெல்லாம், வரவேற்பறைகளிலெல்லாம், அந்தப் பெயர் கேட்கப் போகிறது. ஸனிய்யா பக்கத் தட்டியில் நின்று அழுதாள். அவள் இஸ்திரிப் பெட்டியை அணைக்க மறந்ததில் ஷாஹினாஸின் இரண்டாம் அங்கத்துச் சட்டை கருகியது.

சில மாதம் கழித்து, நாடா வந்துவிட்டது என்று ஹாஜி கூப்பிட்டனுப்பினார். பிற்பகல் நேரம். ஓடுகளுக்கு நடுவே ஒரு புதிய தொலைக்காட்சி. ஹாஜி, ஹாஜியின் மனைவி, தௌஹீதா, நான். தௌஹீதா நல்ல உடுப்பு உடுத்தி வந்திருந்தார்.

இசை ஒலித்தது. மாடிப்படி. மாடிப்படி மேல் ஷாஹினாஸ். கைத்தட்டு.

"நாடாவைக் கொஞ்சம் பின்னால ஓட்டுங்க," என்றார் தௌஹீதா.

"இதான் மேடம் ஆரம்பம்," என்றார் ஹாஜி. அவர் குரல், வாங்கிய பெட்டியில் பாதி ஓடு உடைந்திருக்கிறது என்று வாடிக்கையாளர் திரும்பி வரும்போது எடுக்கும் குரல். "நான் வெட்டல, வல்லாஹி. அந்த வளைகுடாக்காரன். நாடகம் ரொம்ப நீளம், ஒரு நாடாவுல அடங்கலயாம். கதை தொடங்கற இடத்துலேர்ந்து போட்டானாம். முன்னாடி கிழவி ஒருத்தி ஜனங்களோட சண்டை போட்டுட்டிருக்கா, கதையே இல்லைன்னான்."

கதை அங்கே இல்லை என்பது உண்மைதான். அதற்கு நானே சாட்சி. என் கதை முழுக்க நாடாவில் பத்திரமாக இருந்தது. படிக்கட்டு, வைப்பாட்டி மனைவி, எலுமிச்சைச் சாறு எல்லாம்.

"என் பேரு?" என்றார் தௌஹீதா.

ஹாஜி திரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "தோன்றும் வரிசையில மேடம். நம்ம ஒப்பந்தம்தானே. நாடாவுல யாரு முதல்ல தோணறாங்களோ..."

சலவாத்து சொல்லச் சொல்ல ஹாஜிக்கே தோன்றவில்லை. திரையில் ஷாஹினாஸ் இறங்கி வந்தாள், காதலன் வந்தான், வக்கீல் வந்தார், பொய் சொன்னார்கள். பிறகு கதவு திறந்தது. தௌஹீதா கையில் தேநீர்த் தட்டோடு உள்ளே வந்தார். அவ்வளவுதான், தட்டோடு ஒரு மாமியார் வருகிறாள். அரங்கம் வெடித்தது. எழுந்து நின்று தட்டினார்கள். விசில் அடித்தார்கள். முதல் முக்கால் மணி நேரத்துக்கும் சேர்த்து அன்று தட்டினார்கள். நாடாவில் அந்த முக்கால் மணி நேரம் இல்லை. கைத்தட்டு மட்டும் இருந்தது.

"இவங்க ஒண்ணுமே செய்யலியே?" என்றாள் ஹாஜியின் மனைவி. அவள் கொட்டகைக்கு வந்ததில்லை. "டீதானே கொண்டுவந்தாங்க? எதுக்கு இப்படித் தட்டறாங்க?"

தௌஹீதா திரையில் இருந்த தன்னையே பார்த்துக்கொண்டிருந்தார். அங்கே அவர் தட்டை ஏந்தியபடி, அசையாமல், கைத்தட்டு ஓயக் காத்து நின்றார். அது ஓயவில்லை.

"ஷாஹினாஸ் படியில இறங்கறப்போ எதுக்குத் தட்டறாங்கன்னு நீங்க கேட்டீங்களா?" என்றார் மெல்ல.

"அவ நட்சத்திரமாச்சே."

"கேக்கலல்ல?" என்றார். "காரணமே தெரியாம இப்படித் தட்டினா அதுக்குப் பேருதான் நட்சத்திரம். இத்தனை வருஷத்துல இன்னிக்குத்தான் எனக்கு நடக்குது." சிரித்தார். இந்த முறை சிரிப்பை அவர் முதலில் நிறுத்தவில்லை. ஹாஜிதான் நிறுத்தினார், பயந்துபோய்.

இந்த இடத்தில் எந்த எழுத்தாளனுக்கும் கை பரபரக்கும். பெயர் அழியும், ஒலி நிற்கும் என்று எழுதலாம். அந்தக் கைத்தட்டு பாக்தாதிலும் பென்காசியிலும் இன்றும் ஏதோ ஒரு வீட்டில் எழுந்துகொண்டிருக்கிறது, காரணம் கேட்கிறவர்களெல்லாம் ஒருநாள் அந்தப் பலகையைத் தேடி வருவார்கள், உண்மையான கலையை எந்தக் கத்திரியும் வெட்டிவிட முடியாது என்றெல்லாம் எழுதிக்கொண்டே போகலாம்.

நாடா இன்றும் கடைகளில் கிடைக்கிறது. அதில் அவர் பெயர் நான்காவது.